சிங்களக் கடிதத்தைத் திரையிலேயே தமிழில் வாசிக்க: எங்கள் கடையில் நான் செய்யும் முறை

இலங்கை மலையகத்தில், நோர்வூட் டவுனில் எங்களுடையது ஒரு சின்னக் கொமியுனிகேஷன் கடை. போட்டோகொப்பி, ரீலோட், லெமினேட்டிங், இணையத்தில் விண்ணப்பம் போட்டுக்கொடுப்பது என்று பொழுது போகும். இவற்றுக்கு நடுவே கையில் ஒரு கடிதத்தோடு வந்து ஓரமாக நிற்பவர்கள் இருக்கிறார்கள். தேயிலைக் கொழுந்து நிறுத்துக் கொடுத்த கையோடு, காலில் சேறு காயாமல், படங்கை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு வருவார்கள். கூட்டம் குறையட்டும் என்று காத்திருந்துவிட்டுத்தான் கேட்பார்கள்.

"பாப்பா, ஆப்பிஸ்ல இந்தக் கடுதாசியக் குடுத்தாங்க. எல்லாம் சிங்களமா இருக்கு. என்னான்னு கொஞ்சம் பாத்துச் சொல்லு."

எனக்குச் சிங்களம் பேச வரும். சந்தையில் விலை கேட்கவும் பஸ்ஸில் இடம் சொல்லவும் அது போதும். வாசிக்கத்தான் வராது. அப்பா வேலையிலிருந்து நின்ற வருடம் வீட்டுக்கு ஒரு கடிதம் வந்தது. தெரிந்த த்ரீவீலர் அண்ணன் ஒருவரிடம் காட்டினோம். மேலோட்டமாகப் பார்த்துவிட்டு, "காசு வரப்போகுது, பயப்படாதீங்க" என்றார். நாங்களும் காத்திருந்தோம். இரண்டு மாதம் கழித்து, சிங்களம் படித்த ஒருவர் அதை வரிவரியாக வாசித்துச் சொன்னபோதுதான் விஷயம் தெரிந்தது. அப்பாவின் பெயர் அடையாள அட்டையில் ஒரு விதமாகவும் வேலைக்காலச் சேமிப்பான சேமலாப நிதிப் பதிவில் வேறு விதமாகவும் இருக்கிறது, சத்தியக் கடதாசி ஒன்றை 21 நாட்களுக்குள் கொண்டுவர வேண்டும் என்று அதில் எழுதியிருந்தது. மறுபடி முதலிலிருந்து ஓடினோம். வாழ்நாள் முழுக்க மலையில் நின்றவருக்குத் தன் காசைப் பற்றிய கடிதத்தையே வாசிக்க முடியாமல் போனது எனக்கு இன்றும் ஆறாத விஷயம். இந்த வேலையை நான் கற்றுக்கொண்டது அதனால்தான். கடை வைத்திருப்பவர்கள், தோட்டத்து வீட்டில் ஒரு பழைய கொம்பியூட்டர் இருக்கும் பிள்ளைகள், தொழிற்சங்கத்து ஆப்பிஸில் இருப்பவர்கள் எல்லோரும் இதைச் செய்யலாம். அதற்காகத்தான் எழுதுகிறேன்.

கொப்பி பண்ணிப் போட்டால் ஏன் வேலை நடக்காது

முதலில் எல்லோரும் செய்வது, பீடிஎஃப்பைத் திறந்து எழுத்தைக் கொப்பி பண்ணி மொழிபெயர்ப்புப் பக்கத்தில் ஒட்டுவது. நம் நாட்டு ஆவணங்களில் இது பெரும்பாலும் கவிழ்த்துவிடும். கடிதம் எஃப்எம் அபய போன்ற பழைய எழுத்துருவில் அடிக்கப்பட்டிருந்தால், திரையில் 'ஸ்ரீ லங்கா' என்று அழகான சிங்களத்தில் தெரிவது கொப்பி பண்ணியதும் ஆங்கில வை, நூற்றுவீதக் குறி, எஸ், கமா, எக்ஸ், எல், டி என்று வந்து விழும். உள்ளே இருப்பது சிங்களமே அல்ல, சிங்களப் படம் மாட்டிய ஆங்கிலக் குறிகள். தமிழிலும் இதே கதைதான். பாமினி எழுத்துருவில் அடித்த 'தமிழ்' என்ற சொல்லைக் கொப்பி பண்ணினால் ஜே, கே, பி, ஓ, ஓர் அரைப்புள்ளி என்று வரும். எல்லா மொழி எழுத்துக்கும் பொதுவான குறியீட்டு முறையான யூனிகோடில், 1999இல் வந்த 3.0 பதிப்பிலேயே சிங்களம் சேர்ந்துவிட்டது. இருந்தும் பழைய எழுத்துருவில் அடித்த படிவங்களும் சுற்றறிக்கைகளும் இன்னும் கைமாறிக்கொண்டுதான் இருக்கின்றன.

இன்னொரு வகை, கடதாசியை ஸ்கேன் பண்ணிய படம். அதில் கொப்பி பண்ண எழுத்தே கிடையாது.

இந்த இரண்டுக்கும் ஒரே மருந்து, திரையில் தெரியும் உருவத்தையே பார்த்து வாசிக்கும் கருவி. உள்ளே என்ன குறி இருக்கிறது என்பது அதற்குத் தேவையில்லை. நம் கண் பார்க்கிற மாதிரியே அதுவும் எழுத்தின் வடிவத்தைப் பார்க்கிறது.

எந்தக் கருவி

நான் பாவிப்பது குரோ டிரான்ஸ்லேட். இலவசம், திறந்த மூல மென்பொருள். விண்டோஸிலும் லினக்ஸிலும் ஓடும். என் கடை மெஷின் 4 ஜீபி ரேம் உள்ள பழசு. பிரவுசரில் ஏழெட்டுப் பக்கம் திறந்தாலே மூச்சுவாங்கும். குரோ அப்படியல்ல. கடிகாரத்துக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் குறியாக உட்கார்ந்திருக்கும், கூப்பிட்டால் வரும்.

மைக்ரோசொப்டின் பவர்டோய்ஸில் திரையிலிருந்து எழுத்தை எடுக்கும் வசதி ஒன்று இருக்கிறது. நல்ல வசதிதான். ஆனால் அது நம்பியிருப்பது விண்டோஸின் சொந்த ஓசிஆர் (படத்திலிருந்து எழுத்தை எடுக்கும் முறை) மொழிப் பொதிகளை. அவற்றில் சிங்களமும் இல்லை, தமிழும் இல்லை. ஆங்கிலத்துக்கு மட்டும் போதும் என்றால் அதைப் பாவியுங்கள். கெப்சர் டூ டெக்ஸ்ட் என்று இன்னொன்றும் உண்டு. நிறுவத் தேவையில்லை, பென்டிரைவிலிருந்தே ஓடும். எழுத்தை எடுக்க அதுவும் நல்லது. எடுப்பது, திருத்துவது, மொழிபெயர்ப்பது எல்லாம் ஒரே பெட்டியில் முடிவதால் நான் குரோவோடு நின்றுவிட்டேன்.

ஒன்றை ஆரம்பத்திலேயே மனதில் பதித்துக்கொள்ளுங்கள். இந்தக் கருவி செய்வது இரண்டு வேலை. படத்தைப் பார்த்து எழுத்தாக்குவது ஒன்று. அதை டெசரக்ட் என்ற இயந்திரம் உங்கள் கொம்பியூட்டருக்குள்ளேயே செய்கிறது, இன்டர்நெட் வேண்டாம். 1985இல் எச்பி கம்பனியின் ஆய்வுகூடத்தில் தொடங்கி, 2005இல் எல்லோருக்கும் திறந்துவிடப்பட்ட மென்பொருள் அது. அந்த எழுத்தை மொழிபெயர்ப்பது இரண்டாவது வேலை. அது இன்டர்நெட் வழியாக வெளியே போய் வருகிறது. பிழை வரும்போது இந்த இரண்டில் எதில் வந்தது என்று பார்க்கத் தெரிந்தவருக்குத்தான் இந்தக் கருவி உதவும்.

நிறுவுவது

குரோவின் விண்டோஸ் நிறுவியை அதன் சொந்தத் திட்டப் பக்கத்திலிருந்தே இறக்குங்கள். 'இலவச டவுன்லோட்' என்று பெரிய பச்சைப் பட்டன் காட்டும் வேறு பக்கங்களுக்குப் போகாதீர்கள். அவற்றிலிருந்து வேண்டாத மென்பொருள்கள் கூட வந்து ஒட்டிக்கொள்ளும்.

நிறுவியவுடன் மொழிபெயர்ப்பு வேலை செய்யும், திரையை வாசிக்கும் வேலை செய்யாது. பலர் இந்த இடத்தில் கைவிடுகிறார்கள். சிங்கள எழுத்து எப்படி இருக்கும் என்று டெசரக்டுக்குச் சொல்லும் பயிற்சிக் கோப்பைத் தனியாக இறக்கவேண்டும். டெசரக்டின் கிட்ஹப் பக்கத்தில் இவை மூன்று தொகுதிகளாக இருக்கின்றன: சாதாரணம், 'பெஸ்ட்', 'ஃபாஸ்ட்'. பழைய மெஷினுக்கு ஃபாஸ்ட் தொகுதி போதும். கோப்புகள் சின்னவை, டேட்டா அதிகம் போகாது. சிங்களத்துக்கு எஸ்-ஐ-என் என்று தொடங்கும் கோப்பு, தமிழுக்கு டி-ஏ-எம், ஆங்கிலத்துக்கு இ-என்-ஜி. மூன்றையும் டொக்கியுமென்ட்ஸுக்குள் 'டெஸ்டேட்டா' என்று ஒரு ஃபோல்டர் செய்து போட்டுவிடுங்கள். பெயரை மாற்றவேண்டாம்.

பிறகு குரோவின் அமைப்புகளில் ஓசிஆர் பக்கத்துக்குப் போய், மொழிக் கோப்புகள் இருக்கும் இடமாக அந்த ஃபோல்டரைக் காட்டுங்கள். மூன்று மொழிகளும் பட்டியலில் தெரியும். சிங்களத்தை மட்டும் டிக் பண்ணுங்கள். எல்லாவற்றையும் டிக் பண்ணினால் வேலை மெதுவாகும், சிங்கள எழுத்தை ஆங்கிலம் என்று நினைத்துக் குழம்பவும் செய்யும். கடிதத்தில் இரண்டும் நிறையக் கலந்திருந்தால் மட்டும் இரண்டையும் வையுங்கள்.

அதே பக்கத்தில் வரி முறிவுகளை இடைவெளியாக மாற்றும் தெரிவு ஒன்று இருக்கிறது. அதைப் போட்டுவிடுங்கள். கடிதத்தில் ஒரு வாக்கியம் மூன்று வரிக்கு ஓடும். ஒவ்வொரு வரியையும் தனி வாக்கியமாக எடுத்தால் மொழிபெயர்ப்பு துண்டு துண்டாகிவிடும். சிங்களத்திலும் தமிழைப் போல வினை கடைசியில்தான் வரும். முதல் வரியை மட்டும் மொழிபெயர்த்தால் என்ன செய்யச் சொல்கிறார்கள் என்பதே தெரியாமல் போகும்.

இனி மூல மொழி சிங்களம், வரவேண்டிய மொழி தமிழ், இயந்திரம் கூகுள் என்று வையுங்கள். கூகுளில் தமிழ் 2011இலும் சிங்களம் 2014இலும் சேர்ந்தன. குரோவின் புதிய பதிப்புகளில் இந்தப் போக்குவரத்து 'மொழி' என்ற இடைத்தளம் வழியாக நடக்கிறது. பெயரே நம்முடைய சொல்தான். பதில் வராமல் சுற்றிக்கொண்டே இருந்தால் அமைப்புகளில் வேறொரு சேவையகத்தை மாற்றிப் பாருங்கள். அதற்கு முன்னால் டேட்டா இருக்கிறதா என்றும் பாருங்கள். ஆடி மாதத்து மழையும் காற்றும் வந்தால் எங்கள் பக்கம் சிக்னல் போய்விடும், மென்பொருளைக் குறை சொல்லிப் பயனில்லை.

வாசிப்பது

கடிதத்தைத் திரையில் திறந்து வைத்துக்கொண்டு கன்ட்ரோல், ஆல்ட், ஐ மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள். வேண்டிய பந்தியைச் சுற்றி மவுஸால் ஒரு பெட்டி இழுத்து என்டரைத் தட்டுங்கள். அந்தப் பந்தி சிங்கள எழுத்தாகக் குரோவின் பெட்டிக்குள் வந்துவிடும். ஐ-க்குப் பதில் ஓ அழுத்தினால் எடுத்த கையோடு மொழிபெயர்த்தும் விடும். வேகம் என்று எல்லோரும் ஓ-வைத்தான் விரும்புவார்கள். நான் ஐ-யைத்தான் அழுத்துகிறேன், ஏன் என்று பின்னால் சொல்கிறேன். இந்த விசைகள் வேறு மென்பொருளோடு மோதினால் அமைப்புகளில் மாற்றிக்கொள்ளலாம்.

பெட்டி இழுக்கும் முன் செய்யவேண்டிய ஒன்று இருக்கிறது. எனக்கு இது தெரியாமல் ஒரு மாதம் வீணானது. எழுத்தைப் பெரிதாக்குங்கள். டெசரக்ட் நன்றாக வாசிப்பது ஓர் அங்குலத்துக்கு 300 புள்ளி இருக்கும் படத்தை. விண்டோஸ் திரையின் வழக்கமான கணக்கு 96. அப்படியென்றால் பீடிஎஃப்பை 100 சதவீதத்தில் வைத்து எடுப்பது, கண்ணாடி இல்லாமல் ஊசியில் நூல் கோர்க்கச் சொல்வது மாதிரி. 300 சதவீதத்துக்குக் கொண்டுபோனால் கிட்டத்தட்ட சரியாக வரும். பந்தி திரைக்குள் அடங்காவிட்டால் 200 சதவீதத்தில் எடுங்கள், அல்லது பாதி பாதியாக எடுங்கள். பழைய எழுத்துருவில் அடித்த பீடிஎஃப் எவ்வளவு பெரிதாக்கினாலும் கூர்மை குறையாது. ஸ்கேன் பண்ணிய படம் ஓர் அளவுக்கு மேல் மங்கும், அதற்கும் 200 நல்லது.

கடதாசியாகக் கொண்டுவந்தால் எனக்கு ஸ்கேனர் இருக்கிறது, 300இல் ஸ்கேன் பண்ணிவிடுவேன். வீட்டில் ஸ்கேனர் இல்லாதவர்கள் போனில் படம் எடுத்து, வட்ஸ்அப்பில் தங்களுக்கே அனுப்பி, கொம்பியூட்டரில் திறக்கலாம். படமாக அனுப்பாமல் 'டொக்கியுமென்ட்' என்று அனுப்புங்கள். படமாக அனுப்பினால் வட்ஸ்அப் அதைச் சுருக்கி எழுத்தின் ஓரங்களைக் கரைத்துவிடும். படம் எடுக்கும்போது கடிதத்தை மேசையில் பரப்பி, லயத்து வாசலுக்கு வந்து பகல் வெளிச்சத்தில் எடுங்கள். காம்பராவுக்குள் பல்ப் வெளிச்சத்தில் எடுத்தால் போனின் நிழலே கடிதத்தில் விழும்.

அட்டவணைகளில் ஒவ்வொரு நிரலாக எடுக்கவேண்டும். இரண்டு நிரலைச் சேர்த்து எடுத்தால் இந்தப் பக்கத்துச் சொல்லும் அந்தப் பக்கத்துத் தொகையும் ஒரே வரியில் கலந்துவிடும். கையெழுத்துக்கு இது உதவாது. நீல முத்திரை குத்திய இடத்திலும் தடுமாறும். அங்கே ஆளைத்தான் தேடவேண்டும்.

எடுத்த எழுத்தை மூலத்தோடு ஒப்பிடுவது

இங்கேதான் ஐ-யின் அவசியம். எழுத்து பெட்டிக்குள் வந்ததும் மொழிபெயர்க்க அவசரப்படாமல், பக்கத்தில் மூலக் கடிதத்தை வைத்துப் பாருங்கள். சிங்களம் வாசிக்கத் தெரியாதவருக்கும் இது முடியும், வடிவத்தைத்தானே ஒப்பிடுகிறோம். சிங்களத்தின் வ-வும் ச-வும் ஒரு சின்ன வளைவில்தான் வேறுபடும். ந-வும் த-வும் அப்படியே. இவைதான் அடிக்கடி இடம் மாறும். தமிழ் ஆவணத்தை எடுக்கும்போது நம் துணைக்காலை 'ர' என்று வாசித்துவைப்பது மாதிரிதான் இதுவும்.

எழுத்தைவிட எண்ணில் கவனம் வையுங்கள். போன மாதம் ஓர் அம்மா சேவைக்காலப் பண (பணிக்கொடை) கணக்குக் கடிதத்தோடு வந்தார். கருவி '11 நாள் சம்பளம்' என்று வாசித்தது. எனக்கு உறுத்தியது. 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பணிக்கொடைச் சட்டத்தில், நாட்சம்பளக்காரருக்குச் சேவை செய்த ஒவ்வொரு வருடத்துக்கும் 14 நாள் சம்பளம் என்று இருக்கிறது. கடிதத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். அதில் 14 என்றுதான் இருந்தது, 4இன் மேல் ஒரு மடிப்புக் கோடு. சட்டம் தெரியாமல் இருந்திருந்தால் ஆப்பிஸில் குறைத்துவிட்டார்கள் என்று அந்த அம்மாவை நானே சண்டைக்கு அனுப்பியிருப்பேன். தொகை, திகதி, அடையாள அட்டை இலக்கம், அங்கத்தவர் இலக்கம் நான்கையும் மூலத்திலிருந்து நேராகப் பாருங்கள். சிங்களக் கடிதத்திலும் தமிழ்க் கடிதத்திலும் இலக்கம் ஒன்றுதான், அதற்குக் கருவி வேண்டாம்.

வரும் தமிழை எப்படி எடுத்துக்கொள்வது

வருவது நம் நாட்டுத் தமிழ் அல்ல. 'சேவக அர்த்தசாதக அரமுதல' என்று சிங்களத்தில் இருப்பது நமக்கு ஊழியர் சேமலாப நிதி. 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டத்தின்படி தொழிலாளி 8 சதவீதம், முதலாளி 12 சதவீதம் கட்டும் அந்த நிதி. கருவி அதை 'வருங்கால வைப்பு நிதி' என்று எழுதும். அது இந்தியாவில் சொல்வது. இதை அப்படியே வாசித்துக்காட்டினேன், ஒரு தாத்தா பயந்துபோய்விட்டார். "வைப்பா? பேங்கில நான் ஒண்ணும் வைக்கலியே புள்ள" என்றார். கிராம உத்தியோகத்தரை 'கிராம அலுவலர்' என்றும், பின்னுரித்தாளியை (நமக்குப் பின் காசைப் பெற நாம் பெயர் கொடுத்தவரை) 'நியமனதாரர்' என்றும் எழுதும். அதனால் கடைச் சுவரில் ஒரு தாள் ஒட்டியிருக்கிறேன். இடப்பக்கம் கருவி சொல்லும் சொல், வலப்பக்கம் நம் படிவங்களில் இருக்கும் சொல். புதிதாக ஒன்று அகப்பட்டால் அன்றைக்கே எழுதிவிடுவேன். உங்கள் ஊரில் வரும் கடிதங்களுக்கு நீங்களும் ஒன்று எழுதிக்கொள்ளுங்கள்.

உறவுமுறைச் சொல்லில் இன்னும் கவனம் வேண்டும். ஓர் அக்கா கொண்டுவந்த கடிதத்தில், இறந்துபோனவரின் காசுக்கு உரிமை கேட்பவர் யார் என்று விளக்கம் கேட்டிருந்தார்கள். தமிழில் 'மாமா' என்று வந்தது. அக்கா அடித்துச் சொன்னார்: "இல்ல பாப்பா, அவரு சித்தப்பா. மாமாவே எங்களுக்குக் கெடையாது." மூலத்தைப் பெரிதாக்கி, பக்கத்துக் கடைச் சிங்களத் தம்பியை வாசிக்கச் சொன்னேன். கடிதத்தில் இருந்தது 'பாப்பா'. 'பஸ்' என்பதில் வரும் ப-வோடு சொல்லவேண்டிய சிங்களப் பாப்பா, அப்பாவின் தம்பி. சிங்களத்திலும் நம்மைப் போலவே சித்தப்பா வேறு, மாமா வேறு. மாமாவுக்கு அவர்களும் மாமா என்றுதான் சொல்கிறார்கள். ஆங்கிலத்தில் இருவருக்கும் 'அங்கிள்' என்ற ஒரே சொல். சிங்களத்திலிருந்து தமிழுக்கு வரும் வழியில் இடையே ஆங்கிலத்தைத் தொட்டு வந்தால் சித்தப்பா மாமாவாவது இப்படித்தான். உரிமைக் கடிதத்தில் இந்த ஒரு சொல் மாறினால் காசு நின்றுவிடும். சித்தப்பா, பெரியப்பா, அத்தை, சித்தி என்று உறவு வரும் எந்த வரியையும் சிங்களம் தெரிந்த ஒருவரிடம் கட்டாயம் காட்டுங்கள்.

அடுத்தது இல்லை, முடியாது, கூடாது என்னும் சொற்கள். நீண்ட வாக்கியத்தில் இவை மொழிபெயர்ப்பில் தவறிப்போவதுண்டு. 'அனுமதிக்க முடியாது' என்பது 'அனுமதிக்கப்படும்' என்று ஆனால் என்னவாகும்! இதைப் பிடிக்க எனக்கு ஒரு வழி இருக்கிறது. சிங்களத்தில் 'நொஹெக்க', 'நொமெத்தி' போன்ற எதிர்மறைச் சொற்கள் 'நொ' என்ற எழுத்தில் தொடங்கும். அந்த எழுத்து நம் 'நொ' போலத்தான் அமைந்திருக்கிறது, முன்னால் ஒரு கொம்பு, நடுவில் ந, பின்னால் ஒரு கால். கொம்புக்கு அவர்களும் 'கொம்புவ' என்றுதான் பெயர் வைத்திருக்கிறார்கள். இந்த ஒரு வடிவத்தை மனதில் பதித்துக்கொண்டு மூலத்தில் தேடுங்கள். மூலத்தில் அது இருந்து, தமிழில் 'இல்லை', 'முடியாது' எதுவுமே வராவிட்டால் அந்த வாக்கியத்தை நம்பாதீர்கள். 'நொஹொத்' என்ற சொல்லும் இப்படித் தொடங்கும். அதற்கு 'அல்லது' என்று பொருள், அதை மட்டும் விட்டுவிடுங்கள்.

சந்தேகமான வாக்கியத்தை இரண்டு மூன்று சின்னத் துண்டாக உடைத்து மறுபடி போட்டுப் பார்ப்பது நல்லது. வந்த தமிழைத் திருப்பிச் சிங்களமாக்கி மூலத்தோடு ஒப்பிடுவதும் நல்லது. குரோவில் மொழிகளை மாற்றிப்போட ஒரு பட்டன் இருக்கிறது. திரும்பி வரும் சிங்களம் முற்றிலும் வேறாக இருந்தால் நடுவில் எங்கோ அறுந்திருக்கிறது.

வெளியே போகக்கூடாதவை

மொழிபெயர்ப்புக்கு அனுப்பும் ஒவ்வொரு சொல்லும் வேறு யாருடைய கொம்பியூட்டருக்கோ போகிறது. வந்து நிற்பவர்கள் நம்மை நம்பித் தருவது தங்கள் அடையாள அட்டை இலக்கமும் பேங்க் கணக்கும் இருக்கும் கடிதம். ஐ அழுத்தி எடுத்தால், மொழிபெயர்க்கும் முன் பெட்டிக்குள்ளேயே இலக்கங்களையும் பெயரையும் அழித்துவிடலாம். அர்த்தம் தெரிய அவை வேண்டாம். ஓ அழுத்தினால் எல்லாம் ஒரே மூச்சில் போய்விடும். தானாகவே மொழிபெயர்க்கும் தெரிவையும் இதற்காகவே நிறுத்தி வைத்திருக்கிறேன். பெயரை அழிப்பதில் இன்னொரு பலனும் இருக்கிறது. கருவி பெயரையும் மொழிபெயர்க்கப் பார்க்கும், எழுத்தை மாற்றிவைக்கும். ஓர் எழுத்து மாறியதால் வருடக்கணக்கில் அலைந்தவர்கள் எங்கள் தோட்டங்களில் நிறையப் பேர். பெயரைக் கருவியிடம் கொடுக்கவே கொடுக்காதீர்கள்.

பதில் எழுதும்போது

இந்தக் கருவியைக் கொண்டு சிங்களத்தில் பதில் எழுதிக் கையெழுத்து வாங்காதீர்கள். நம் பெயரில் என்ன எழுதியிருக்கிறது என்று நமக்கே தெரியாத கடிதம் அது. தமிழிலேயே எழுதுங்கள். 1987இல் வந்த 13ஆவது திருத்தத்தால் தமிழும் அரசகரும மொழி. 1988இன் 16ஆவது திருத்தத்தோடு வந்த 22ஆவது உறுப்புரை, சிங்களத்தில் நிர்வாகம் நடக்கும் இடத்திலும் தமிழில் எழுதவும் தமிழிலேயே பதில் பெறவும் உரிமை தருகிறது. "உங்கள் இன்ன திகதிக் கடிதம் கிடைத்தது, அதன் தமிழ்ப் பிரதியை அனுப்பிவைக்கவும்" என்று இரண்டு வரி எழுதி, கடித இலக்கத்தைப் போட்டு, பதிவுத் தபாலில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ளச் சொல்கிறேன். ஆனால் கடிதத்தில் திகதிக் கெடு இருந்தால் தமிழ்ப் பிரதி வரும்வரை காத்திருக்கவேண்டாம். கெடு என்ன, என்னென்ன கேட்கிறார்கள் என்பதைக் கருவி காட்டிவிடும், அதை எடுத்துக்கொண்டு ஓடுங்கள். சத்தியக் கடதாசி, பின்னுரித்தாளி, வழக்கு என்று ஏதாவது வந்தால் சமாதான நீதவானிடமோ தொழில் திணைக்களத்திலோ சங்கத்திலோ காட்டிவிட்டுத்தான் கையெழுத்து.

வேறு எதற்கெல்லாம்

ஆங்கிலத்தில் வரும் பிழைச் செய்திகளை இதே மாதிரி எடுக்கலாம், அந்தச் சின்னப் பெட்டிகளில் கொப்பி பண்ண விடாது. ஏ.எல். (உயர்தரம்) படிக்கும் பிள்ளைகள் ஸ்கேன் பண்ணிய ஆங்கிலப் புத்தகப் பக்கத்தையும், நிறுத்திவைத்த வீடியோவில் தெரியும் வரியையும் இப்படி வாசிக்கிறார்கள். கறுப்புப் பின்னணியில் வெள்ளை எழுத்து இருந்தால் பிழை கூடும், வெள்ளைப் பின்னணிக்கு மாற்றிவிட்டு எடுங்கள்.

கடைசியாக, தமிழ் சரியானதும் நான் அதை ஒரு தாளில் பெரிய எழுத்தில், 16 புள்ளி அளவில் அச்சடித்து, மேலே 'இது விளங்கிக்கொள்வதற்கு மட்டும், ஆப்பிஸில் கொடுக்க அல்ல' என்று போட்டு, மூலக் கடிதத்தோடு சேர்த்துக் குத்திக் கொடுக்கிறேன். வீட்டில் மகனோ மருமகளோ திரும்ப வாசிக்க அது உதவும். ஆள் போனதும் டவுன்லோட்ஸ் ஃபோல்டரில் இருக்கும் அவருடைய படத்தை அழித்து, ரீசைக்கிள் பின்னையும் காலிபண்ணி, அவருடைய வட்ஸ்அப் கடைக் கொம்பியூட்டரில் திறந்திருந்தால் லொக்அவுட் பண்ணிவிட்டுத்தான் அடுத்தவரைக் கூப்பிடுவேன்.